மேல் வீட்டுக்குப் போக முதல்

நில்லுங்கோ தம்பி, நில்லுங்கோ. மேல் வீட்டுக்குப் போக முதல் ஒருக்கா உள்ளுக்கு வாங்கோ. ஒரு தேத்தண்ணி குடிக்கிற நேரம்தான். சப்பாத்தோட வரலாம், பரவாயில்லை. இல்லை, கழட்டிப் போடுங்கோ, மனுசி பேசுவா.

உந்தக் கதிரை ஆடும். இதில இருங்கோ.

நீங்கள் ஆர் எண்டு சொல்ல வேண்டாம். பேர்ணில இருந்து வாறியள். சாருகாவின்ர தாய்மாமன். எங்கட நிரூசனுக்குப் பிள்ளையைப் பேசியிருக்கு, அதுக்கு விசாரிக்க வந்தனியள். அப்பிடிப் பாக்காதையுங்கோ, நான் சாத்திரம் படிக்கேல்லை. கீழ சுவிஸ் நம்பர்த் தகட்டோட ஒரு கார் நிக்குது. படியில சொக்கிலேற் பெட்டியோட ஒரு தமிழ் ஆள் நிக்கிறார். டூயிஸ்பேர்க்கில, இந்தப் புகை பிடிச்ச தெருவில, சுவிஸ்காரருக்கு வேற என்ன அலுவல்? காரைக் கண்டவுடன பாஞ்சு வந்து பிடிச்சிருப்பன். சாரத்தோட போகக் கூடாது எண்டு மனுசி மறிச்சுப்போட்டா. காற்சட்டையைத் தேடி, அவ அதை அயன் பண்ணி, நான் முகம் வழிச்சு முடிக்கிறதுக்கிடையில நீங்கள் படிக்கு வந்திட்டியள்.

விசாரிக்கிறது நல்ல விசயம். நான் பிழை சொல்ல மாட்டன். தகப்பனைக் கேட்டு என்ன பிரியோசனம்? தன்ர பிள்ளையைக் கள்ளன் எண்டோ ஒரு தகப்பன் சொல்லப் போறான்? அக்கம்பக்கத்திலதான் கேக்கோணும். ஊரிலயும் அப்பிடித்தான், இஞ்ச வந்தும் அப்பிடித்தான். இந்தப் பட்டினத்துப் பெடியன் ஒருத்தனைப் பற்றிப் பாரிசிலயோ கனடாவிலயோ ஆருக்கும் தெரிய வேணுமெண்டா முதல் போன் எனக்குத்தான் வரும். நவரத்தினத்தைக் கேளுங்கோ, அவருக்குத் தெரியாத ஆள் இல்லை எண்டு சொல்லுவினம். பெடியள் எனக்கு வைச்ச பேர் என்ன தெரியுமே? சிசிடிவி. மரியாதையில வைச்ச பேர்.

ஆனா நீங்கள் என்ன செய்யப் பாத்தியள்? மேல் வீட்டில கேக்கப் பாத்தியள். பரமலிங்கத்திட்ட. இந்தக் கட்டிடத்தில தமிழர் எண்டு நாங்களும் அவையும்தான், அப்ப அங்கதான் போவியள். போங்கோ. நான் மறிக்கேல்லை. ஆனா போன வருசத்தில இருந்து அவைக்கு எங்களில கடும் கோபம். அந்த மனுசன் வாயைத் திறந்தா என்ர பிள்ளையின்ர கலியாணம் அவ்வளவுதான். அதுதான் சொல்லுறன், முதல் அவை எப்பிடிப்பட்ட ஆக்கள் எண்டு தெரிஞ்சுகொண்டு போங்கோ.

என்ர நிரூசனுக்கு அந்தப் பிள்ளையில சரியான விருப்பம், தம்பி. குளியலறைக்குள்ள போய்த் தண்ணியைத் திறந்து விட்டிட்டுப் போனில கதைக்கிறான். தண்ணிச் சத்தத்துக்கு மேலால சிரிப்புச் சத்தம் கேக்கும். அவன் சிரிச்சுக் கனகாலம். இது குழம்பக் கூடாது. அவ்வளவுதான் என்ர கவலை.

முதல் எங்களைப் பற்றிச் சொல்லுறன். நாங்கள் உரும்பிராய். செம்மண். பரம்பரைத் தோட்டக்காரர். எங்கட அப்பு, என்ர தகப்பன், வைச்ச புகையிலையில ஒரு இலையை விரிச்சா நாலு பேர் கால் நீட்டிப் படுக்கலாம். மழை பிடிச்சா மாடு கண்டெல்லாம் ஒரு இலைக்குக் கீழதான். கிணறு எண்டாலும் எங்கட கிணறுதான். காலமை வாளியை இறக்கினா மத்தியானம்தான் தண்ணி வரும். ஒருநாள் வாளி கை தவறி விழுந்திட்டுது. நான் ஜேர்மனிக்கு வந்து விமானத்தால இறங்கேக்கதான் அது தண்ணியில விழுந்த சத்தம் கேட்டது.

என்ன மலர்? உள்ளதைத்தான் சொல்லுறன். நீ தேத்தண்ணியைப் பார்.

நீங்களும் மனசுக்குள்ள இடம்தானே கேக்கிறியள்? எங்கட ஆக்கள் எந்த இடம் எண்டு கேட்டா இடத்தையோ கேக்கிறது? ஆக்கள் ஆர் எண்டு கேக்கிறது. உரும்பிராய், தோட்டம் எண்டு சொல்லிப் பாருங்கோ, முன்னால இருக்கிறவர் கதிரையில வடிவாச் சாஞ்சிருப்பார். கரைப்பக்கம், மீன்பிடி எண்டு சொல்லிப் பாருங்கோ, கதிரை நுனிக்கு வந்திடுவார். பேந்து அவர் அந்த வீட்டில பச்சைத் தண்ணியும் குடிக்க மாட்டார். அப்பிடி ஒரு சனம் நாங்கள். நான் ஆக்கின பழக்கமில்லை, இருக்கிறதைச் சொல்லுறன்.

பரமலிங்கமும் தன்னைக் கொக்குவில், தோட்டக்காரர் பக்கம் எண்டு சொல்லுறவன். நானும் நம்பினனான். வந்த புதுசில ரெண்டு பேரும் உருக்காலைக் கன்டீனில கோப்பை கழுவினனாங்கள். ரெண்டு பேருக்கும் ஒரு குளிர்ச் சட்டைதான். அவன் காலமை முறை, நான் பின்னேர முறை. ஆலை வாசல்ல வைச்சுக் கழட்டி மாத்துவம். கடைசியில அந்தச் சட்டைக்கே வழி பாடமாப் போச்சு. ஒருநாள் நான் பஸ்சில நித்திரையாப் போனன், சட்டை தானா எழும்பி என்னையும் கூட்டிக்கொண்டு ஆலைக்குப் போச்சுது. சிரிக்காதையுங்கோ. அவ்வளவு ஒட்டாயிருந்த ஆக்கள் எண்டு சொல்ல வாறன்.

அவன்ர மகன் துவாரகன். என்ர மகன் நிரூசன். ஒரே ஆசுப்பத்திரியில, ஒரே மாதத்தில பிறந்தவை. ரெண்டு பேருக்கும் ஒரு சைக்கிள். ஒருத்தன் உழக்க மற்றவன் பின்னால. வளந்தாப் பிறகு பார்சல் கிட்டங்கியில சேந்து பெட்டி தூக்கினவை. ஸ்ரேசனடியில பொலிஸ் மறிச்சாலும் ரெண்டு பேரையும் சேத்துத்தான் மறிப்பான். அவன் கேக்க முதலே ரெண்டு பேரும் அடையாள அட்டையை நீட்டுவினம். தங்களுக்குள்ள டொச்சில, ஜேர்மன் பாசையில, வெட்டிக் கிழிப்பினம். எங்களோட தமிழ், அதுவும் பல்லுக் குத்தி எடுக்கிற மாதிரி ஒரு சொல், ரெண்டு சொல். இப்பிடி ரெண்டு பேர் எந்த நேரமும் எங்களுக்கு விளங்காமக் கதைச்சா, தம்பி, ஒரு தகப்பனுக்குச் சந்தேகம் வருமோ வராதோ?

போன வருசம் மாரி, நல்ல குளிர்காலம். பரமலிங்கம் ஆரைப் பிடிச்சோ துவாரகனை வரிக் கணக்குப் பாக்கிற கந்தோர் ஒண்டில சேத்து விட்டிருந்தான். பெடியன் காலமை கழுத்தில ரை கட்டிக்கொண்டு போவான். தகப்பன் ஜன்னலால தலையை நீட்டி அந்த ரையைத் தெரு முடியுமட்டும் பாத்துக்கொண்டு நிப்பான். பின்னேரம் பெடியன் வரேக்க ரை பொக்கற்றுக்குள்ள. முகம் கறுத்திருக்கு. மாரியில, வெயிலே இல்லாத ஊரில, கந்தோருக்குள்ள இருக்கிறவனுக்கு முகம் எப்பிடிக் கறுக்கும்? ஒருநாள் படியில மறிச்சுக் கையைப் பிடிச்சுப் பாத்தன். உள்ளங்கை முழுக்கக் கொப்புளம். கிட்டப் போய் மணந்து பாத்தன். டீசல்.

"என்ன மருமோன், கந்தோரில கணக்கைச் சுத்தியலாலயோ எழுதிறியள்?"

"ஜிம்முக்குப் போறன் மாமா."

"டீசல் மணக்குதே?"

"பழைய ஜிம் மாமா."

பாத்தியளே கதையை? பின்னால வந்த என்ர மகன் களுக்கெண்டு சிரிக்கிறான். சிரிக்கிறானெண்டா அவனுக்கும் தெரியும். எனக்கு அண்டைக்கு நித்திரை இல்லை. போதைவஸ்தோ, கள்ளக் காரோ, ஆளைக் கடத்தி எல்லை தாண்டி விடுற கூட்டமோ. மனுசியிட்டச் சொன்னன். "பிள்ளையளைக் கேளுங்கோவன்" எண்டா. கேக்கிறதோ? கேட்டா உசாராகிப் போடுவாங்கள்.

துவாரகனுக்குப் பின்னால போனன். மனுசியின்ர கம்பளித் தொப்பியைக் காது மூடப் போட்டு, டொச்சுப் பேப்பர் ஒண்டால முகத்தை மறைச்சுக்கொண்டு ட்ராமில இருந்தன். பக்கத்தில இருந்த கிழவி பேப்பரை என்ர கையால வாங்கி, நேராத் திருப்பித் தந்தாள். அவளுக்கும் என்னில ஏதோ சந்தேகம் போல, இறங்குமட்டும் பாத்துக்கொண்டிருந்தாள். பெடியன் கந்தோர்ப் பக்கம் போகவேயில்லை. துறைமுகத்தில இறங்கினான். நான் நிலக்கரிக் குவியலுக்குப் பின்னால பதுங்கினன்.

றைன் ஆத்துச் சரக்குக் கப்பலைப் பாத்திருக்கிறியளே? அதின்ர நீளம் சொல்லி முடியாது. முன்னுக்கு நிக்கிறவன் காலமைச் சாப்பாடு சாப்பிடேக்க பின்னுக்கு நிக்கிறவனுக்கு மத்தியானம். அதில துவாரகன் நிக்கிறான், செம்மஞ்சள் சட்டையோட. ரையைக் காணேல்லை. ஒரு டொச்சுக்காரக் கிழவன் கரையில நிண்டு கத்திறான், இவன் கயிறை எடுக்கிறான்.

நனைஞ்ச கயிறு, தம்பி. சரியான பாரம். தோளில போடேல்லை, இடுப்போட அணைச்சான். அதுதான் சரி. நனைஞ்ச கயிறைத் தோளில போட்டா, வழுக்கிற நேரம் ஆளையும் கொண்டுதான் போகும். காத்துக்கு முதுகைக் குடுத்து நிண்டான். அதுவும் சரி. ஒரு சுழட்டுச் சுழட்டி எறிஞ்சான். கரையில இருந்த இரும்புத் தூணில போய், சாமிக்கு மாலை போட்ட மாதிரி விழுந்துது. பேந்து வேற ஒரு கயிறை எடுத்துக் கண்ணி போட்டான். வாலைக் கண்ணிக்குள்ளால எடுத்து, சுத்தி, திரும்ப உள்ளுக்கு விட்டு, ஒரு இழுவை. கண் வேற எங்கயோ பாக்குது, கை தானாக் கட்டுது.

அது வள்ளம் கட்டுற முடிச்சு. இழுக்க இழுக்க இறுகும், திருப்பித் தள்ளினா உடன கழரும். சோளகக் காத்து அடிச்சுக் கடல் புரண்டாலும் வள்ளம் அசையாது. விடிய அப்பு கரைக்கு வரேக்க நான்தான்... தோட்டத்தால வரேக்க. அதை விடுங்கோ.

போதைவஸ்துச் சந்தேகம் அந்த இடத்திலயே போச்சு. வேற சந்தேகம் வந்திட்டுது. அதைவிடப் பெரிசு. கொக்குவில் பெடியனுக்கு வள்ளம் கட்டுற முடிச்சு எங்கால வந்தது? இஞ்ச பிறந்தவன். கடலைக் காணாதவன். மீனைக் கடையில ஐஸ் கட்டியாக் கண்டவன். அவன்ர கைக்கு எப்பிடித் தெரியும்? ரத்தம், தம்பி! பேரை மாத்தலாம், ஊரை மாத்தலாம், கையை மாத்தேலுமோ? அப்பதான் எனக்கு வெளிச்சுது. பரமலிங்கம் கொக்குவிலும் இல்லை, ஒண்டும் இல்லை. கரைப்பக்கம். இவ்வளவு காலமும் தலைக்கு மேல இருந்துகொண்டு எங்களை ஏமாத்தியிருக்கிறான். தான் ஆர் எண்டதை மறைச்சுச் சீவிக்கிறது எவ்வளவு பெரிய களவு! வீட்டுக்கு ஆர் வந்தாலும் கவனமாக் கதைக்கோணும். பிள்ளையளுக்கும் சொல்லக் கூடாது. ஊர்ச் சனம் கூடுற இடத்தில ஒதுங்கி நிக்கோணும். அப்பிடி ஒரு சீவியம் எப்பிடித்தான் சீவிச்சானோ.

அந்தக் கிழமையே பாரிசில இருந்து போன். துவாரகனுக்கு அங்க ஒரு பிள்ளை, ஆரணி எண்டு பேர். ஆரோ ஒருத்தரின்ர கலியாண வீட்டில கண்டு, ரெண்டு பேருக்கும் பிடிச்சு, தாய் தகப்பனும் ஓம் எண்டு, சாதகமும் பொருந்தி, மண்டபம் பாக்கிற கட்டத்துக்கு வந்திட்டுது. முறைக்கு ஒருக்கா விசாரிக்கோணும்தானே. பிள்ளையின்ர தகப்பன் எனக்குப் போன் அடிக்கிறார்.

"அண்ணை, நீங்கள் கீழ் வீடு. பெடியன் எப்பிடி?"

"பெடியன் தங்கம்."

"குடி, சிகரெட்?"

"மணந்தும் பாக்க மாட்டான்."

"வேலை?"

"கை வேலை நல்லாத் தெரியும். கயிறு எறிஞ்சா நிண்டு பாக்கோணும். வள்ளம் கட்டுற முடிச்சு ஒண்டு போடுவான், தாயின்ர வயித்துக்குள்ளேயே பழகின மாதிரி."

மெல்லமாக் கேட்டார். "அவை கொக்குவில் எண்டுதானே சொன்னவை?"

"அவை அப்பிடித்தான் சொல்லினம்."

அவ்வளவுதான். இதில ஒரு பொய் காட்டுங்கோ பாப்பம். தங்கம் எண்டனான், கெட்டிக்காரன் எண்டனான். அவை அப்பிடித்தான் சொல்லினம் எண்டனான், அவை அப்பிடித்தானே சொல்லினம்! அடுத்த நாள் பாரிஸ்காரர் சாதகம் பொருந்தேல்லை எண்டிட்டினம். முதல் பொருந்தின சாதகம் பிறகு பொருந்தாமப் போனதுக்கு நான் என்ன செய்ய?

அந்தப் பிள்ளை ஆரணி பேந்தும் ஒரு மாதம் போன் எடுத்தது போல. பிறகு அதுவும் நிண்டிட்டுது. தாய் தகப்பனை மீறி வர அதுக்குத் துணிவில்லை.

துவாரகன் கீழ இறங்கி வந்தான். இந்த வாசல்லதான் நிண்டவன். உள்ளுக்கு வா எண்டன், வரேல்லை.

"மாமா, நீங்கள் ஆரணி வீட்டுக்கு என்ன சொன்னீங்கள்?"

"நல்லதுதான்டா மருமோன் சொன்னனான்."

"அந்த முடிச்சு நான் ஸ்கூல்ல படிச்சது மாமா. கப்பல் வேலைக்கு ஒரு ஸ்கூல் இருக்கு, ஆத்துக்கு அங்கால. கந்தோர் எனக்குச் சரிவரேல்லை. அப்பாவுக்குச் சொல்லப் பயத்தில இருந்தனான். நீங்கள் என்னைக் கேட்டிருக்கலாம்தானே?"

"முடிச்சுக்கு ஆரடா பள்ளிக்கூடம் வைச்சிருக்கிறான்?"

"ஜேர்மன்காரன் எல்லாத்துக்கும் வைச்சிருக்கிறான் மாமா."

கத்தியிருந்தா நானும் ரெண்டு கத்துக் கத்தியிருப்பன். கத்தேல்லை. போய்ப் படியில இருந்தான். போனைப் பாத்துக்கொண்டே இருந்தான். என்ர மகன் வெளியால போய் அவனுக்குப் பக்கத்தில இருந்தான். ரெண்டு பேரும் ஒரு சொல் கதைக்கேல்லை. டொச்சும் இல்லை, தமிழும் இல்லை. இருட்டுமட்டும் இருந்தாங்கள். அந்தக் கிழமை தொடக்கம் நிரூசன் என்னோட "சாப்பாடு", "சாவி", "போயிட்டு வாறன்". அவ்வளவுதான் கதை. இளம் பெடியள்தானே, மாறும்.

பரமலிங்கத்துக்கு ரெண்டு அடியும் ஒரே நாளில. பெடியன் ரையைக் கழட்டிப்போட்டுக் கப்பல்ல நிக்கிறது ஒண்டு, கலியாணம் குழம்பினது மற்றது. அவனும் வந்தான். இதே வாசல். "நவம், நீ சந்தோசமா இரு" எண்டான். மேல ஏறிப் போயிட்டான். அது என்ன வாழ்த்தோ, தம்பி? சாபம்! அண்டைக்குத் தொடக்கம் படியில கண்டா ஒதுங்கி வழி விடுறான். அதுவும் ஒரு சூழ்ச்சிதான். ஆள் சும்மா ஒதுங்க மாட்டான், எங்கயோ வைச்சுத் தரத்தான் பாத்துக்கொண்டிருக்கிறான். இப்ப நீங்கள் வந்திருக்கிறியள். விளங்குதே நான் ஏன் பயந்தனான் எண்டு?

இந்தாங்கோ தேத்தண்ணி. சீனி காணுமோ?

என்ன கேட்டனியள்? நிரூசனுக்கு என்ன வேலையோ? ஓம். அவனும் அந்தப் பள்ளிக்கூடம்தான். நான் மறைக்கேல்லை, சொல்லத்தான் இருந்தன். முதல் நானும் கொஞ்சம் துள்ளினனான்தான். பேந்து விசாரிச்சுப் பாத்தா அது பெரிய படிப்பு. எங்கட நிரூசன் இப்ப றொட்டர்டாமுக்கு ஒரு கப்பலைக் கொண்டு போறான். கப்டன் கூட இருக்கிறார், சும்மா ஒரு உதவிக்கு.

முடிச்சோ? கட்டுவான், அவனும் அதே முடிச்சுத்தான் கட்டுவான். ஆனா ரெண்டுக்கும் வித்தியாசம் இருக்கு, தம்பி. என்ர மகன் படிச்சுக் கட்டுறவன். மேல் வீட்டுப் பெடியன் பிறவியில கட்டுறவன். எல்லாருக்கும் தெரியாது, பாக்கத் தெரிஞ்சவைக்குத் தெரியும். நில்லுங்கோ, காட்டுறன். மலர், அந்த உடுப்புக் காயப்போடுற கயிறு எங்க? இந்தா, இஞ்ச கிடக்கு. இப்ப பாருங்கோ. படிச்சவன் இப்பிடிப் பாத்துப் பாத்து, எண்ணி எண்ணிக் கட்டுவான். பிறவியில கட்டுறவன் கயிறைப் பாக்கவே மாட்டான். உங்களோட கதைச்சுக்கொண்டே, கையைப் பின்னால வைச்சு, இந்தா இப்பிடி, ஒரு கண்ணி, வால் உள்ளுக்கு, சுத்தி, திரும்ப உள்ளுக்கு... முடிஞ்சுது. இழுத்துப் பாருங்கோ. நல்லா இழுங்கோ. ஒற்றைக் கையாலயும் கட்டலாம். கண்ணை மூடிக்கொண்டும் கட்டலாம். அலை அடிச்சு ஆள் ஆடிக்கொண்டு நிக்கேக்கயும்...

நானோ? நான் எங்க பழகினதோ?

அது கிணத்துக் கயிறு. வாளிக்கு உந்த முடிச்சுத்தான் போடுறது. எங்கட கிணறு ஆழமெண்டு சொன்னனானெல்லே. மாட்டுக்கும் போடுவம். அதுவும் புகையிலை கட்டித் தூக்கேக்க, பெரிய இலையல்லோ, வேற முடிச்சு நிக்காது. என்ன மலர்? நான் எங்கயப்பா உளறினனான்? அவர் கேட்டார், சொல்லுறன். சரி, வைக்கிறன், கயிறை வைக்கிறன். அவர் கதைக்கட்டும். நீங்கள் கதையுங்கோ தம்பி. மனுசி சொல்லுறா, நான் உங்களை வாய் திறக்க விடேல்லையாம்.

என்னது?

மேல் வீட்டுக்குப் போயிட்டோ வாறியள்? எப்ப? நான் முகம் வழிக்கேக்கயோ? அப்ப நீங்கள் படியில ஏறிக்கொண்டு நிக்கேல்லை. இறங்கி எங்கட வீட்டுக்குத்தான் வந்துகொண்டிருந்தனியள். இதை முதலே சொல்லியிருக்கலாமே. சரி, நான்தான் விடேல்லை.

அப்ப சொல்லிப்போட்டான். என்ன சொன்னவன்? மறைக்க வேண்டாம், நான் தாங்குவன். பெடியன் குடிகாரன் எண்டவனோ? பொலிஸ் மறிக்கிறதைச் சொன்னவனோ?

தன்ர பிள்ளை மாதிரி எண்டவனோ? பரமலிங்கமோ? நிரூசனுக்குப் பொம்பிளை குடுக்க யோசிக்க வேண்டாம் எண்டவனோ? துவாரகனும் வந்து இருந்து சொன்னவனோ? உங்களுக்கு வீடு மாறிப் போகேல்லையே?

எங்களைப் பற்றி? நல்ல சனம் எண்டு. ம்.

அப்புவைப் பற்றியோ? எங்கட அப்புவை அவனுக்கு எப்பிடித் தெரியும்? அப்பு கண் மூடி எவ்வளவு காலம். பேர் சொன்னவனோ? என்ன பேர் சொன்னவன்?

வேலாயுதம்.

ஓம். அப்புவின்ர பேர்தான்.

சொல்லுங்கோ, நான் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறன். பள்ளிக்கூட லீவுக்கு அவன் மாமி வீட்டுக்கு எங்கட கரைப்பக்கம் வாறவனாம். விடிய அப்புவின்ர வள்ளம் வரேக்க ஓடிப்போய் நிப்பானாம். அப்பு அவனைத் தூக்கி வள்ளத்துக்குள்ள விடுவாராம். அங்கால ஒரு பெடியன் வலை காயப் போட்டுக்கொண்டு நிப்பானாம். அது நானாம். கன்டீனில முதல் நாள் கண்டவுடன அவனுக்கு என்னைத் தெரிஞ்சிட்டுதாம். நான் உரும்பிராய் எண்டு சொன்னனாம். அது என்ர விருப்பம் எண்டு விட்டிட்டானாம்.

மலர், உனக்குக் கேட்டுதே? அவனுக்குத் தெரியுமாம். குளிர்ச் சட்டையை மாத்திப் போட்ட காலத்திலயே தெரியுமாம். பாரிசுக்கு நான் சொன்ன அண்டைக்கும் தெரியும். இந்த வாசல்ல வந்து நிண்ட அண்டைக்கும் தெரியும். ஒரு சொல் சொல்லியிருந்தா என்ர கதை முடிஞ்சிருக்கும். சொல்லேல்லை.

ஏன் சொல்லேல்லை?

இல்லைத் தம்பி, இதில ஏதோ இருக்கு. ஒரு மனுசன் இப்பிடி ஒரு விசயத்தைக் கையில வைச்சுக்கொண்டு இவ்வளவு காலமும் சும்மா இருப்பானோ? நான் இருக்க மாட்டன். நீங்கள் இருப்பியளோ? எதுக்கோ வைச்சிருக்கிறான். நல்ல சனம் எண்டு சொல்லேக்க முகம் எப்பிடி இருந்தது? சிரிச்சவனோ? ஒருக்கா அவன் சொன்ன மாதிரியே சொல்லிக் காட்டுங்கோ.

சரி, அதை விடுங்கோ. உங்களுக்கு இப்ப எல்லாம் தெரியும். ஓம், கரைப்பக்கம்தான். அப்பு கடலுக்குப் போனவர்தான். நிரூசனுக்கும் தெரியாது. இனி நான் என்னத்தைச் சொல்ல, நீங்கள்தான் சொல்லோணும்.

என்ன? உங்களுக்கு அது ஒரு விசயமே இல்லையோ? மெய்யாவோ? உங்கட அக்காவுக்கும் இல்லையோ? பிள்ளையும் பெடியனும் நல்லா இருந்தாக் காணும், வீட்டுக்காரர் நல்ல மனுசரா இருந்தாக் காணும், அதைப் பாக்கத்தான் வந்தனியளோ? மலர், கேட்டியே! எந்த இடம் எண்டு அவை பாக்கிறதில்லையாம்! இதை நீங்கள் வந்தவுடன சொல்லியிருந்தா எனக்கு அரைவாசிக் கதை மிச்சம். அப்ப எல்லாம் சரிதானே. பெடியனில பிழை இல்லை, மேல் வீட்டுக்காரனும் நல்லதாத்தான் சொல்லியிருக்கிறான், இடமும் பிரச்சினை இல்லை. நல்ல நாள் பாக்கலாமே.

அக்காவோட கதைச்சுப்போட்டுப் போன் அடிக்கிறியளோ?

தம்பி, எங்கட ஆக்கள் கதைச்சுப்போட்டு அடிக்கிறன் எண்டா என்ன கருத்தெண்டு எனக்குத் தெரியாதோ? எத்தினை பேருக்கு இந்த வீட்டில இருந்து நானே சொல்லியிருக்கிறன். தேத்தண்ணியை வாயில வைக்கவும் இல்லை. இருங்கோ. நான் சொன்னதில ஏதும் மனசில பட்டதெண்டாச் சொல்லுங்கோ. அந்த மேல் வீட்டுப் பெடியன்ர கதையோ? அது வேற ஆக்களின்ர கதை, உங்களுக்கும் அதுக்கும் என்ன? மலர், நீ ஏன் இப்ப கண்ணைத் துடைக்கிறாய்? அவர் ஒண்டும் சொல்லேல்லையே.

இடம் பிரச்சினை இல்லையெண்டா, பேந்தேன் தம்பி எழும்புறியள்?